கொரிந்துப் பட்டணத்துக் கறியும் பெருமாயி அத்தையும்

ஊஞ்சக்காடு, ராசிபுரம் வழி
1936 ஜூன் 16

அன்புள்ள மகன் நத்தானியேலுக்கு அப்பா எழுதிக்கொண்டது. ஆண்டவர் கிருபையால் நானும் அம்மாவும் சுகமாயிருக்கிறோம், வங்காளத்தில் நீயும் சுகம் என்று உன் கையெழுத்தில் பார்த்தால்தான் அம்மாவுக்குச் சோறு இறங்கும். அங்கே மழை பிடித்துவிட்டது என்று எழுதியிருந்தாய், நனைந்த துணியோடு வேதக் கல்லூரி வகுப்பில் உட்காராதே, மீனைத் தின்று வயிறு கெட்டால் இரண்டு நாள் வெறும் கஞ்சி குடி. இங்கே இன்னும் மழை இல்லை, கிணற்றில் தண்ணீர் அடியில் கிடக்கிறது. நம் மிஷன் பள்ளிக்கூடம் திறந்தாயிற்று, என்னிடம் நாற்பது பிள்ளைகள் படிக்க வருகிறார்கள். செவலைப் பசு கிடாரிக் கன்று போட்டிருக்கிறது, சீம்பால் காய்ச்சும்போது அம்மா உன் பேரைச் சொல்லிக்கொண்டே இருந்தாள்.

சித்திரையில் நீ எழுதின எட்டுப் பக்கக் கடிதத்துக்கு நான் பதில் போடவில்லை. மெய்யைச் சொன்னால், கோபத்தில்தான் போடவில்லை. விக்கிரகத்துக்குப் படைத்த கறியைப் பற்றிப் பவுல் கொரிந்தியருக்கு எழுதின நிருபத்தை அந்தக் காலத்து அந்த ஊர் வழக்கத்தோடு சேர்த்து வாசிக்க வேண்டும் என்றும், அங்கே கோயிலுக்குள்ளேயே பந்தி போடும் அறைகள் இருந்தன என்றும், கடைத்தெருக் கறியில் பலி கொடுத்தது எது கொடுக்காதது எது என்று வாங்குகிறவனுக்கே தெரியாது என்றும், ஏழைகள் கறியைக் கண்டது திருவிழாவில்தான் என்றும் உங்கள் புரொபசர் சொன்னதாக எழுதியிருந்தாய். வேதத்தை நூல் நூலாகப் பிரித்துப் போடவா பிள்ளையை இத்தனை தூரம் அனுப்பினோம் என்று கடிதத்தை மடித்துப் பெட்டியில் போட்டுவிட்டேன். அம்மாதான் விடவில்லை, மறுபடி எடுத்து வாசிக்கச் சொன்னாள். முழுக்கக் கேட்டுவிட்டு, கோயில்ல பந்தி, ஏழை பாழைக்கு நோம்பிக்கு நோம்பிதான் கறி, இது நம்மூருக் கதையாட்டத்தானுங்க இருக்குது, இவன் என்னமோ கிரேக்க தேசம்னு எழுதியிருக்கிறானே என்றாள். நான் கடிதத்தை வைத்துவிட்டுத் திண்ணையில் போய் உட்கார்ந்துவிட்டேன்.

ஏன் என்று உனக்குக் கொஞ்சம் தெரியும், ஆனால் நான் என் வாயால் உன்னிடம் சொன்னதில்லை. நாம் ஞானஸ்நானம் வாங்கின வருஷம், மாரியம்மன் நோம்பிக்கு வெட்டின கிடாயின் கறியை என் அக்காள், உன் பெருமாயி அத்தை, எப்போதும்போல ஒரு சட்டியில் கொண்டுவந்தாள். என் தாய் சாகும்போது எனக்கு மூன்று வயசு, அதற்குப் பிறகு என்னை இடுப்பில் வைத்து வளர்த்தவள் அவள்தான். அவள் கையிலிருந்து சட்டியை வாங்கி அவள் கண்ணெதிரே வாசலில் நாய்க்குக் கொட்டினேன். பேய்க்குப் படைத்ததை இனி என் வீட்டுக்குக் கொண்டுவராதே என்றும் சொன்னேன். அவள் வெறுஞ்சட்டியை எடுத்துக்கொண்டு போனாள். ஒன்பது வருஷம், ஒரே தெருவில் இருந்துகொண்டு, நம் வாசலை அவள் மிதிக்கவில்லை, நானும் கூப்பிடவில்லை. இதைப் பெரிய விசுவாசம் என்று நினைத்துச் சபையில் சாட்சியாகவும் சொல்லியிருக்கிறேன், இப்போது எழுதவே வெட்கமாயிருக்கிறது.

போன வாரம் நோம்பி வந்தது. யாரிடமும் சொல்லாமல் மத்தியானம் அவள் வீட்டுக்குப் போனேன். அடுப்பண்டை இருந்தவள் என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றாள், வா ஆண்டி, உக்காரு என்று என் பழைய பேரைச் சொன்னாள். வேறே ஒன்றும் கேட்கவில்லை. இலை போட்டாள். அழைத்த வீட்டில் வைத்ததைக் கேள்வி கேட்காமல் சாப்பிடு என்று பவுல் சொன்னதை மனசில் வைத்துக்கொண்டு, அடுப்பில் இருந்த பெரிய சட்டியைக் காட்டி ஊற்று என்றேன். அவள் கரண்டியை எடுக்கவில்லை. அது சாமிக்கு வெட்டுனது ஆண்டி, உனக்கு ஆகாது, செத்த இரு என்று சொல்லி, மூலையில் மூடி வைத்திருந்த சின்னச் சட்டியைக் கொண்டுவந்தாள். வீட்டில் அறுத்த கோழி, நேர்ந்துவிட்டதும் இல்லை, படையலில் வைத்ததும் இல்லை, சட்டி வேறே, கரண்டி வேறே. நான் வருவேன் என்று உனக்கு யார் சொன்னது என்று கேட்டேன். யாரு சொல்லோணும், வருசா வருசம் ஆக்கி வெக்கறதுதான் என்றாள். இத்தனை வருஷம் நான் வரவில்லையே, அதை என்ன செய்வாய் என்றேன். மறுநா நானே தின்னுக்குவேன் என்றாள். நத்தானியேலு, எனக்குச் சோற்றில் கை வைக்க முடியவில்லை. ஆறுது, தின்னு சாமி என்று அதட்டினாள். பிறகு அவளும் பக்கத்தில் உட்கார்ந்து, நோம்பி நாளும் அதுவுமாகப் பெரிய சட்டியைத் தொடாமல், என்னோடு அந்தக் கோழியையே தின்றாள்.

வெளியே வந்து கை கழுவும்போதுதான் உன் கடிதத்தில் எனக்குப் பிடிபடாமல் போன இடம் விளங்கிற்று. ஒருவன் இது படைத்தது என்று சொன்னால் சொன்னவன் நிமித்தம் சாப்பிடாதே என்று பவுல் சொல்லும் இடத்தில், பழைய ஏட்டுப் பிரதிகளில் விக்கிரகத்துக்குப் படைத்தது என்கிற நம்மவர் சொல் இல்லை, கோயிலுக்குப் போகிறவர்களே சொல்லும் மரியாதைச் சொல்தான் இருக்கிறது என்று எழுதியிருந்தாயே. சாமிக்கு வெட்டுனது என்று அத்தை சொன்னதும் அந்தச் சொல்தானே.

நான் கை கழுவினதைச் சபை மூப்பர் சுப்பையன் பார்த்துவிட்டார். வாத்தியார் பலிக்கறி தின்றார் என்று பாதிரி ஐயருக்குச் சொல்லி அனுப்ப, அவர் சனிக்கிழமை வண்டி கட்டிக்கொண்டு வந்து சபை கூட்டி விசாரித்தார். வேலை போய்விடுமோ என்று அம்மா பயந்தாள். நான் நடந்ததை ஒன்றும் மறைக்காமல் சொன்னேன், நாய்க்குக் கொட்டினதையும் சொன்னேன், உன் கடிதத்தையும் வாசித்துக் காட்டினேன். ஐயர் எல்லாம் கேட்டுவிட்டு, கோழி தின்றதில் குற்றம் இல்லை, ஆனால் அன்றைக்குக் கொட்டினதை இந்தப் பிரசங்க மேடையில் நின்று சாட்சி சொன்னீர் அல்லவா, அதற்காக இரண்டு மாசம் அதில் ஏற வேண்டாம் என்றார். எனக்கும் அது நியாயமாகவே பட்டது. சுப்பையனுக்கு இன்னும் மனசு ஆறவில்லை, போகப்போகச் சரியாகும். உன் கடிதத்தை ஐயர் கேட்டு வாங்கிப் போயிருக்கிறார். அடுத்த நாள் ஞாயிறு சாயந்தரம் அத்தை தானாகவே நம் வீட்டுக்கு வந்து, அம்மாவோடு அடுப்படியில் உட்கார்ந்து களி தின்றாள். இரண்டு பேரும் என்னைத்தான் ஏசிக்கொண்டிருந்தார்கள், கேட்கச் சுகமாயிருந்தது.

உன் புரொபசரிடம் எனக்காக ஒன்று கேள். இது படைத்தது என்று சொன்ன அந்த ஆள் சோதிக்கிறவன் என்றும் குற்றம் பிடிக்கிறவன் என்றுமே இதுவரை பிரசங்கித்துவிட்டேன். தம்பி மனசு நோகக் கூடாது என்று முன்கூட்டிச் சொல்லுகிற ஒருத்தி கொரிந்துவில் இருந்திருக்க மாட்டாளா? படித்தவர்கள் சிரித்தாலும் சிரிக்கட்டும், கேட்டு எழுது.

கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காப்பாராக, பரீட்சையில் உனக்கு நல்ல புத்தியைத் தருவாராக. அம்மா உன் தலையில் கை வைத்ததாக எழுதச் சொல்கிறாள். மறக்காமல் அத்தைக்குத் தனியாக ஒரு கார்டு போடு, நான் வாசித்துக் காட்டுகிறேன். அவளுக்குக் கிரேக்கமெல்லாம் வேண்டாம், நீ வேளா வேளைக்கு என்ன தின்கிறாய் என்று மட்டும் எழுது.

இப்படிக்கு
உன் அன்புள்ள அப்பா
ஞானாபரணம்