என் கைகளைப் பிடித்துக்கொண்ட அப்பாவுக்கு

என் பேச்சு புரிந்த ஒரே ஆளான அப்பாவுக்கு,

சோர்வாக இருக்கிறது அப்பா. நம் வீட்டில் பழைய வழக்கு ஒன்று மறுபடி தொடங்கியிருக்கிறது. அதை உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது?

தம்பி மகள் கயலுக்கும் என்னைப்போலவே பிறவியிலேயே காது கேட்காது. நீங்கள் கண்மூடிய பிறகு பிறந்த பேத்தி, இப்போது மூன்று வயது. ஆபரேஷன் செய்து காதுக்குப் பின்னால் மிஷின் வைத்திருக்கிறார்கள். வாராவாரம் எடப்பாடியிலிருந்து சேலத்துக்குப் பேச்சுப் பயிற்சிக்குக் கூட்டிப்போகிறான் தம்பி. "ப்பா" என்கிறாளாம், "தா" என்கிறாளாம். எனக்கும் சந்தோஷம்தான். ஆனால் பயிற்சி டீச்சர் ஒன்று சொல்லி அனுப்பியிருக்கிறார். தம்பி என் முகத்துக்கு நேராக நின்று, நிறுத்தி நிறுத்தி அதைச் சொன்னான்.

"அக்கா, பாப்பா முன்னால கையக் காட்டிப் பேசாதீங்க. கையில பேசிப் பழகிட்டா வாய் பேச மாட்டாளாம்."

எனக்குக் கோபம்கூட வரவில்லை. இதே சொற்களை எத்தனை உதடுகளில் பார்த்தாயிற்று! என்னை விடுதிப் பள்ளியில் சேர்த்த அன்று தலைமை டீச்சர் உங்களிடம் சொன்னதும் இதுதான். நூறு வருடங்களுக்கும் முன்னால் எங்கோ வெளிநாட்டில் வாத்தியார்கள் கூட்டம் போட்டு, காது கேளாத பிள்ளைகளுக்குக் கைமொழி கூடாது, வாய்ப்பேச்சுதான் வேண்டும் என்று முடிவு செய்தார்களாம். அந்தக் கூட்டத்தில் ஏறக்குறைய எல்லோருக்கும் காது நன்றாகக் கேட்குமாம். அந்த முடிவு கடல் தாண்டி வந்து எங்கள் வகுப்பிலும் உட்கார்ந்துகொண்டது. டீச்சரின் தொண்டையைத் தொட்டு அதிர்வு படிப்போம். "ப" சொன்னால் வாய்க்கு முன்னால் பிடித்த காகிதம் ஆட வேண்டும், கை ஆடக் கூடாது. ஆடினால் அடி. துணி துவைக்கிற கல் பக்கம் போனால்தான் எங்களுக்கு விடுதலை. அங்கே கையால் ஊர்க்கதை பேசி வயிறு வலிக்கச் சிரிப்போம்.

நீங்களும் அந்த டீச்சர் சொன்னதை வேதவாக்காக எடுத்துக்கொண்டீர்கள். லீவில் வந்தால் என் இரண்டு கைகளையும் உங்கள் ஒரு கைக்குள் அடக்கிக்கொண்டு, "தண்ணி... சொல்லு சாமி" என்பீர்கள். சொன்ன பிறகுதான் சொம்பு வரும். நான் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டும் என்று மீசையை வழித்தீர்கள். தறிக்கொட்டகையில் அத்தனை பேரும் கேலி செய்தும் கடைசிவரை நீங்கள் அதை வளர்க்கவில்லை. உங்கள்மேல் கோபப்படலாம் என்று உட்கார்ந்தால் அந்த மீசையில்லாத முகம் வந்து நிற்கிறது. நான் என்ன செய்ய?

ஒன்று மட்டும் எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. விசைத்தறி இரைச்சலில் பக்கத்து ஆள் கத்தினாலும் கேட்காதென்று, கொட்டகையில் நீங்கள் எல்லோரும் நாள் முழுக்கக் கையால்தானே பேசினீர்கள்? கட்டைவிரலை வாய்ப்பக்கம் சாய்த்தால் டீ. நெற்றியில் ஒரு கோடு இழுத்தால் முதலாளி வருகிறார். விரித்த கையைப் பட்டென்று மூடினால் தறி நின்றுபோச்சு. சோறு கொண்டுவந்த நான் வாசலில் நின்று ஒன்றுவிடாமல் புரிந்துகொள்வேன். வீட்டுக்கு வந்ததும் அதே கை என் கையைப் பிடித்துக்கொள்ளும். ஒருநாளாவது உங்களுக்கு அது உறைத்ததா?

கடைசியில் தறிச் சத்தம் உங்கள் காதையும் தின்றது. அப்போதும் என்னிடம் வாயைத்தான் அசைத்தீர்கள். இரண்டு செவிடுகள் எதிரெதிரே உட்கார்ந்து உதட்டைப் பார்த்துக்கொண்டிருந்தோம். அப்படிப் பாடுபட்டுக் கற்ற பேச்சு இப்போது யாருக்கும் புரிவதில்லை அப்பா. பஸ்ஸில் "சங்ககிரி" என்றால் கண்டக்டர் என்னை விட்டுவிட்டுப் பக்கத்து ஆளைப் பார்க்கிறார்.

போன வாரம் கயல் வாசலில் சொப்பு வைத்து விளையாடிக்கொண்டிருந்தாள். தம்பி கூப்பிட்டான், திரும்பவில்லை. மறுபடி கூப்பிட்டான். "எப்படி அடம் புடிக்கறா பாருங்க" என்று என்னிடம் சொல்லும்போது அவன் முகம் சிவந்துவிட்டது. நான் அவன் சொன்னபடி கைகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அவள் தற்செயலாகத் திரும்பினாள். அப்பன் முகத்தைப் பார்த்ததும் உதடு பிதுங்கியது. காதுக்குப் பின்னால் இருந்த மிஷினைத் தொட்டாள். பிறகு கையை விரித்து, பட்டென்று மூடினாள்.

பேட்டரி தீர்ந்து மிஷின் நின்றுபோயிருந்தது. நான் எதுவும் சொல்லித்தரவில்லை அப்பா. உங்கள் தறியை இப்போது அவன்தான் ஓட்டுகிறான். கொட்டகையில் அவன் இடுப்பில் உட்கார்ந்தபடி அவளே பார்த்துக் கற்றுக்கொண்டிருக்கிறாள்.

தம்பி பேட்டரியை மாற்றிவிட்டு என் எதிரில் வந்து உட்கார்ந்தான். அவன் உதட்டை நான் ஒருமுறைக்கு இருமுறை பார்க்க வேண்டியிருந்தது.

"அக்கா, தண்ணிக்கு எப்படிங்க்கா காட்டோணும்?"

காட்டினேன். அவனும் காட்டினான், கயலும் காட்டினாள். அவளுக்கு உடனே சொம்பு வந்தது.

நாளைக்கு டீச்சர் ஒரு அதட்டுப் போட்டால் இவன் மறுபடி மாறக்கூடும். நான் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும். பரவாயில்லை. மிஷின் கேட்கட்டும், வாய் பேசட்டும், நான் குறுக்கே நிற்க மாட்டேன். ஆனால் அன்பினால்கூட அவள் கைகளை யாரும் பிடித்துக்கொள்ள விடமாட்டேன். இது உங்கள் மீசைமேல் சத்தியம்.

உங்கள் மீசையை எடுக்கவைத்த மூத்த மகள்,
செல்வி