முத்துசெல்விக்காக ஒரு நேயர் விருப்பம்

அன்பு மகள் இந்துஜாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. செண்பகவல்லி அம்மன் புண்ணியத்தில் இங்கே நானும் அப்பாவும் ஆடு குட்டிகளும் சுகம், அங்கே பனிக்குள் கிடக்கிற நீயும் மாப்பிள்ளையும் சுகம் என்று ஒரு வார்த்தை வந்தால்தான் எனக்குச் சோறு இறங்கும். இந்த வருஷம் மழை ஏமாற்றவில்லை, உளுந்து பூவும் பிஞ்சுமாக நிற்கிறது, அப்பாவுக்கு முழங்கால் வலி பரவாயில்லை, ஆனால் டாக்டர் சொன்ன மாத்திரையைப் போடச் சொன்னால் மட்டும் காது கேட்காது. போனில் பேசாமல் ஏன் காகிதத்தில் எழுதுகிறாள் என்று நினைப்பாய். போனில் நீ என்னைப் பேச விடுவதில்லை. போன ஞாயிற்றுக்கிழமை நான் வாயைத் திறக்கும் முன்பே "விட்டுருங்கம்மா, எனக்குப் படிக்க உதவி செஞ்சவரு" என்று அழ ஆரம்பித்துவிட்டாய். காகிதத்துக்குக் குறுக்கே பேச முடியாது, கடைசி வரை படி.

வன்னியபெருமாள் முதலாளி ஜெர்மனிக்கே உனக்கு போன் போட்டுப் புலம்பினாராமே. நீ காலேஜ் படிக்க அவர் உதவியது உண்மை. அதற்கு நன்றியை நான் வேலை பார்க்கிற நம் சமுதாய ரேடியோவிலேயே ஊரறியச் சொன்னேன், வீட்டுக்குப் போயும் கும்பிட்டேன். அது ஒரு கணக்கு, இது வேறு. மகளைப் படிக்க வைத்தவர் என்பதற்காக அம்மாவின் குரலை வெட்டி ஒட்டுவதற்கு யாருக்கும் பட்டா எழுதிக் கொடுக்கவில்லை. அவர் உன்னிடம் சொல்லாமல் விட்டதை நான் சொல்கிறேன்.

அவருடைய தீப்பெட்டி ஆபீசில் ஆடி மாதம் தீப்பிடித்தது உனக்குத் தெரியும். ஆர்டர் அவசரம் என்று மருந்தில் முக்கியெடுத்த தீக்குச்சிகளை நடக்கிற வழியெல்லாம் அடுக்கி வைத்திருந்தார்கள், உரசிப் பற்றிக்கொண்டது. பசுவந்தனையிலிருந்து வேன் ஏறி வருகிற முத்துசெல்விக்கு வலது கையும் கழுத்தும் வெந்துவிட்டது. மறுநாளே முதலாளி, அவள் உள்ளே போன் கொண்டு வந்ததால்தான் தீ பிடித்தது என்று கதை கட்டினார். அங்கே வேலைக்குப் போகிற எவளும் போனை வாசல் கூடையில் போட்டுவிட்டுத்தான் உள்ளே நுழைய முடியும், அன்றைக்கும் அவள் போன் அந்தக் கூடையில்தான் அடித்துக்கொண்டு கிடந்தது, வாட்ச்மேனே எடுத்து அவள் வீட்டுக்காரரிடம் பேசியிருக்கிறார். நடந்ததை ரேடியோவில் சொல்லப் போகிறேன் என்று நான் நின்றேன். ரேடியோ டிரஸ்டுக்கும் அவர்தானே தலைவர், முதலாளி சட்டம் பேசினார். சமுதாய வானொலியில் நாமாகச் செய்தி வாசிக்கக் கூடாது, ஆகாசவாணிச் செய்தியை அப்படியே எடுத்துப் போடலாம், அவ்வளவுதான் என்றார். சட்டம் அப்படித்தான் இருக்கிறது, நான் திரும்பி வந்துவிட்டேன். இரண்டு நாள் கழித்து ரேடியோவில் ஒரு பாதுகாப்பு அறிவிப்பு வந்தது. யாரோ ஒரு ஆண் குரல் முத்துசெல்வியின் பெயரையும் ஊரையும் சொல்லி, அவள் போனால் வந்த விபத்து என்றது. அதன் வாலில் என் குரல். எப்போதோ நான் பொதுவாகப் பேசி வைத்த "போனை உள்ள கொண்டு போகாதீங்க தாயி, உங்க உசுரும் போவும், பக்கத்துல இருக்கவ உசுரும் போவும்" என்பதை வெட்டி அதில் ஒட்டியிருந்தார்கள். ஆஸ்பத்திரியில் அதைக் கேட்ட முத்துசெல்வி நான் பார்க்கப் போனபோது சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். "நீங்களுமாக்கா இப்படிச் சொல்லுதீங்க?" என்று மட்டும் கேட்டாள். அந்தக் கேள்வியை வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன் பார், அன்றைக்கு முடிவு செய்தேன் இவரை விடுவதில்லை என்று.

இது வெறும் ரேடியோதானே என்றாய். இந்தப் பக்கத்து ஊர்களில் அந்தக் காலத்தில் பஞ்சாயத்து ரேடியோ இருந்தது, கம்பத்தில் ஸ்பீக்கர் குழாயைக் கட்டி சர்க்கார் பேசும், மழை வரும் என்றும் பருத்தி விலை என்ன என்றும் சொல்லும், நாம் கேட்டுக்கொண்டு நிற்க வேண்டும். பதில் பேச நமக்கு வாய் இல்லை. பிறகு டவுனில் எஃப்.எம். வந்தது, அது நகைக்கடைக்காரனும் ஜவுளிக்கடைக்காரனும் சொல்கிறதைப் பேசியது. கிராமத்துச் சங்கங்களும் ரேடியோ நடத்தலாம், லாபம் பார்க்கக் கூடாது, கட்சி பேசக் கூடாது என்று டில்லி சொன்ன பிறகுதான் நாங்கள் விண்ணப்பம் போட்டு, புதூருக்கும் கயத்தாற்றுக்கும் அலைந்து ஆள் சேர்த்து, வருஷக்கணக்கில் நடையாய் நடந்து அனுமதி வாங்கினோம். டிரஸ்டுக்குத் தலைவராகப் பெரிய மனுசன் ஒருத்தர் இருந்தால் நல்லது என்று இவரை நாங்கள்தான் கூப்பிட்டு உட்கார வைத்தோம். ஆடு மேய்க்கிறவளும் தீக்குச்சி அடைக்கிறவளும் தன் வாயால் பேசுகிற இடம் இந்த ஜில்லாவில் அது ஒன்றுதான். நீ இருக்கிற ஜெர்மனியில் வீட்டுக்கு வீடு ரேடியோவுக்கும் டி.வி.க்கும் கட்டணம் கட்டச் சொல்கிறார்கள், நான் டி.வி.யே பார்ப்பதில்லை, எனக்கு எதற்கு என்று முணுமுணுத்தாயே, முணுமுணுக்காமல் கட்டு. எந்த முதலாளி முகத்தையும் பார்க்காமல் பேசுகிற வாய்க்கு ஊரே சேர்ந்து கொடுக்கிற கூலி அது. அது இல்லாத ஊரில் என்ன நடக்கும் என்று உன் அம்மாவைக் கேள்.

ஆவணியிலிருந்து கார்த்திகை வரை இதைப் பற்றி நான் வாயைத் திறக்கவில்லை. ஒழுங்காக ரேடியோ வேலைக்குப் போனேன், அவரைப் பார்த்தால் வணக்கம் சொன்னேன். "ராதாமணி அடங்கிட்டா" என்று அவர் பேசிக்கொண்டது என் காதுக்கும் வந்தது. அடங்கியவள் என்றே நினைக்கட்டும் என்று விட்டேன். கார்த்திகையில் அவருக்கு அறுபதாம் கல்யாணம், கோவில்பட்டியில் பெரிய மண்டபம். அன்றைக்கு ரேடியோவில் வாழ்த்து நேயர் விருப்பம் நேரலையாகப் போக வேண்டும், மண்டபத்து ஸ்பீக்கரிலும் அதுவே ஒலிக்க வேண்டும், ராதாமணிதான் பேச வேண்டும், அவள் குரல்தான் ஜனங்களுக்குப் பழக்கம் என்று அவரே ஏற்பாடு செய்தார். நான் சிரித்துக்கொண்டே சரி என்றேன். ஆபீசுக்கு லீவு, பெண்கள் எல்லோரும் மண்டபத்துக்குச் சாப்பிட வர வேண்டும் என்று உத்தரவு. மண்டபத்து வாசலில் போன் போடுகிற கூடை கிடையாது இல்லையா.

நான் ஸ்டேஷனில் மைக் முன்னால் உட்கார்ந்திருந்தேன், முதல் போன் மண்டபத்துப் பந்தியிலிருந்தே வந்தது, குச்சி அடைக்கிற பிரேமா. பழைய பாட்டு ஒன்று கேட்டாள். நேயர் விருப்பத்தில் வழக்கமாகக் கேட்கிறதைத்தான் நானும் கேட்டேன், "யாருக்காகக் கேக்குதீங்க?" "போனை வாசல் கூடையில போட்டுட்டு உள்ள போன முத்துசெல்விக்காக" என்றாள். பாட்டைப் போட்டேன். அடுத்தது புதூர்க்காரி, அதே வார்த்தை. அடுத்தது கயத்தாறு, அதற்கடுத்து நம் ஊர், வரிசையாக அதே வார்த்தை. இதில் செய்தி ஒன்றும் இல்லை, சட்டம் ஒன்றும் மீறவில்லை, ஆசைப்பட்ட பாட்டும் யாருக்காக என்ற பெயரும்தான். மாலையும் கழுத்துமாக உட்கார்ந்திருந்தவர் முகம் செத்துப்போனதாம். ஸ்பீக்கரை அணைக்கச் சொன்னார், அணைத்ததும் பந்தியில் இருந்தவர்கள் எல்லாம் தங்கள் போனில் ரேடியோவை வைத்துவிட்டார்கள், இலைக்கு இலை முத்துசெல்வி பெயர். சம்பந்திமார்கள் யார் அந்த முத்துசெல்வி என்று கேட்டிருக்கிறார்கள், பரிமாறுகிறவனிலிருந்து எல்லோரும் சொல்லியிருக்கிறார்கள். இதைக் கேட்கக் கேட்க எனக்கு வயிறு குளிர்ந்தது இந்துஜா. பாவம் என்று ஒரு சொட்டு இரக்கம் வரவில்லை, வந்ததாகப் பொய் எழுத மாட்டேன். கடைசியில் முத்துசெல்வியே கூப்பிட்டாள். என்ன பாட்டு வேண்டும் என்றேன். "பாட்டு ஒண்ணும் வேண்டாம்க்கா, எம் பேர மட்டும் உங்க வாயால ஒருக்க நல்லபடியா சொல்லுங்க" என்றாள். சொன்னேன். பிறகு மைக்கைக் கூட வேலை பார்க்கிற ஜெயப்பிரியா பக்கம் தள்ளிவிட்டேன், அவள்தான் ஏதோ பாட்டைப் போட்டுச் சமாளித்தாள்.

மறுநாள் ஸ்டேஷனுக்குப் பூட்டு, பழுது என்று ஒரு அட்டை. ஆனால் அதற்கு மறுநாள் காலையில் ஆபீசுக்குப் பெண்களை ஏற்றுகிற அவருடைய வேன் ஊர் ஊராகப் போய்க் காலியாகத் திரும்பியது, அதற்கடுத்த நாளும் காலி. நாங்கள் யாரையும் போகாதே என்று சொல்லவில்லை, எவளும் ஏறவில்லை, அவ்வளவுதான். வாரம் முடிவதற்குள் பூட்டைத் திறந்துவிட்டார். இப்போது ரேடியோவில் உண்மையைச் சொல்லி மன்னிப்புக் கேட்கச் சம்மதம் என்கிறார். ஆனால் வீட்டிலிருந்தே பேசிப் பதிவு செய்து அனுப்புவாராம், முத்துசெல்வி அந்த நேரம் ஸ்டேஷன் பக்கம் இருக்கக் கூடாதாம். இதற்கு என்னைச் சம்மதிக்க வைக்கத்தான் உன்னைப் பிடித்திருக்கிறார். உன் கண்ணீரைத் தூது அனுப்பினார் பார், அதற்கும் சேர்த்துத்தான் எனக்கு ஆத்திரம். அப்பாகூட "பெரிய மனுசன் இவ்வளவு இறங்கி வந்துட்டாரு, போதும்ட்டி" என்றார். போதுமா இல்லையா என்று சொல்ல அப்பாவும் நானும் நீயும் யார்?

குளிரில் வெறும் தலையோடு வெளியே போகாதே, மாப்பிள்ளைக்கு இருமல் நிற்காவிட்டால் மிளகு ரசம் வைத்துக் கொடு. ஒரு குறையும் இல்லாமல் நீயும் மாப்பிள்ளையும் வயிறும் மனசும் நிறைந்து நூறு வருஷம் இருக்க வேண்டும் என்று அம்மனை வேண்டிக்கொள்கிறேன். ஒன்றை மறக்காதே, அவர் மறுபடி உனக்கு போன் செய்வார். எடு, மரியாதையாகப் பேசு, அம்மா சொன்னதை அப்படியே சொல். பதிவு கிடையாது, தை முதல் வெள்ளிக்கிழமை காலையில் நேரலை. எதிர் நாற்காலியில் முத்துசெல்வி உட்கார்ந்திருப்பாள், அந்தக் கையை மேசை மேல் வைத்துக்கொண்டு. அவள் போதும் என்கிற வரை மைக்கை அணைக்க மாட்டோம்.

இப்படிக்கு,
உன் அம்மா
ராதாமணி கண்ணபிரான்