கடைசி லைனில் நிற்கும் பெட்டி

என் செல்ல மகளுக்கு அம்மா எழுதுவது. அப்பாவின் முழங்காலைத் தவிர இங்கே எல்லாம் சுகம். நீயும் வேளைக்குச் சாப்பிட்டுச் சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன், நம்பத்தான் முடியும், ஃபோனில் கேட்டால் உண்மையா சொல்லப்போகிறாய்.

அப்பா வேலை பார்த்த ரயில் சரக்கு யார்டு இருபத்திரண்டு வருஷமாகப் புதர் மண்டிக் கிடக்கிறதே, அதைப் பூங்கா ஆக்குகிறார்கள். வாசல் பலகையில் அதன் வரலாற்றை எழுத ஒரு பொறியாளர் பெண் அப்பாவிடம் வந்தாள். கேட்கவா வேண்டும், மனிதர் மூன்று நாள் வாயை மூடவில்லை. எட்டு லைன், நாளுக்கு இருநூறு பெட்டி, தானியம், சிமெண்டு, மரம், பிறகு எல்லாம் லாரிக்குப் போய் யார்டு ஈ ஓட்டியது வரை சொன்னவர், கடைசி லைனில் ஒற்றைப் பெட்டி மட்டும் ஏன் நிற்கிறது என்று அவள் கேட்டதும் தண்ணீர் குடிக்க எழுந்து வந்துவிட்டார். கதவில் ‘பழுது’ என்று பெயிண்டில் எழுதியிருப்பதால் வெள்ளிக்கிழமை அதை உடைத்து இரும்புக்குப் போடப்போகிறார்களாம். அன்றிலிருந்து இவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

நான் போட்டு உலுக்கியதில் கக்கிவிட்டார். உன் ஆறு வயசில் அந்தப் பெட்டிக்குள் பூனை குட்டி போட்டதும், அவை கண் திறக்கிற வரைக்கும் வண்டி நகரக்கூடாது என்று நீ அவர் காலைக் கட்டிக்கொண்டு அழுததும் நினைவிருக்கிறதா? ஒரு குறையும் இல்லாத பெட்டியில் ‘பழுது’ என்று எழுதியது உன் அப்பாதான்! எழுதியவரே கையெழுத்துப் போட்டு நீக்கும்வரை அதை யாரும் தொடக்கூடாது, அது யார்டு சட்டம். குட்டிகள் ஓடிய பிறகு இவர் அதை நீக்க மறந்தார், மறுமாதம் யார்டையே பூட்டினார்கள், எஞ்சின் மற்றதையெல்லாம் இழுத்துப்போக இது மட்டும் நின்றுவிட்டது. பொய் எழுதியவன் என்று ஊர் சிரிக்கும் என்று பயந்து இத்தனை வருஷம் என்னிடம்கூட மூச்சு விடவில்லை, கல்லுளிமங்கன்.

வியாழக்கிழமை நானே இவரை யார்டுக்கு, அந்தப் பொறியாளர் பெண்ணிடம் இழுத்துக்கொண்டு போனேன். தலையைக் குனிந்தபடி எல்லாம் சொல்லிவிட்டு, சுத்தியலால் சக்கரங்களைத் தட்டிக் காட்டினார், அத்தனையும் விரிசலில்லாமல் கணீரென்றன. அவள் சிரித்துவிட்டு, பெட்டி பூங்காவிலேயே இருக்கட்டும், கையெழுத்துப் போட்டு எழுத்தை அழித்துவிடுங்கள் என்று பேனாவை நீட்டினாள். இவர் அதை வாங்கிச் சட்டைப்பையில் செருகிக்கொண்டார். “எழுதச் சொன்னது எம் பொண்ணு. அவ வந்து பாக்காம அழிக்க மாட்டேம்மா.”

மாசக் கடைசியில் திறப்பு விழா, அதுவரை பொறுக்கிறேன் என்றாள். நீ வந்து மூன்று வருஷம் ஆகிறது கண்ணு, எனக்கும் பார்க்கவேண்டும்போல் இருக்கிறது. லீவு கேள். அந்தப் பல்லையும் டாக்டரிடம் காட்டு, தள்ளிப்போடாதே. நோய்நொடி இல்லாமல், நினைத்ததெல்லாம் கைகூடி நன்றாயிரு.

இப்படிக்கு,
உன் அம்மா.

அப்பாவையும் இதில் கையெழுத்துப் போடச் சொன்னேன். நீ வந்ததும் இரண்டுக்கும் சேர்த்துப் போடுகிறாராம்.