கிளாம்பில் மாட்டிய துண்டு

சுங்குவார்சத்திரம்
12.10.1991

பூரணத்துக்கு,

நான் இங்கு சுகம். அத்தைக்கு இருமல் தேவலையா, பாப்பா நடக்கிறாளா என்று எழுது.

எங்கள் ஷெட்டில், டெலிபோன் கேபிளைக் கம்பத்தோடு பிடித்து நிறுத்தும் இரும்புக் கிளாம்பு செய்கிறோம். சென்ற வாரம் அதைக் கம்பத்தில் மாட்டவும் என்னையே ஏற்றினார்கள். நட்டு பாதி இறுகும்வரை கிளாம்பு வழுக்காமலிருக்கத் துணி செருகுவோம், பிறகு உருவிவிடுவோம். நான் தோளில் கிடந்த துண்டைச் செருகினேன். குற்றாலத்தில் நாம் இருவரும் தலை துவட்டினோமே, அந்தச் சிவப்புத் துண்டு. அப்போது கீழே பஸ்ஸிலிருந்து குழந்தையோடு ஒருத்தி இறங்கினாள். அசல் உன் நடை. பார்த்துக்கொண்டே, துண்டை உருவாமல் நட்டை முழுக்க முறுக்கிவிட்டேன்.

கழற்றட்டுமா என்று கேட்டேன். "ஒரு துண்டுக்கோசரம் கயட்டுவியா? இன்னும் எத்தினி கம்பம் கீது, எறங்குப்பா" என்றார் சூப்பர்வைசர் வெங்கடேசன்.

காயம் ஒன்றுமில்லை, பயப்படாதே. ஒரு துண்டு மட்டும் அனுப்பு. புதிது வேண்டாம், நீ துவட்டுகிற பழையதே போதும்.

ஷிப்டுக்கு மணி அடித்துவிட்டது. தையில் நீ வந்தால் பஸ்ஸில் சன்னலோரம் உட்கார். சத்திரத்துக்குச் சற்று முன்னால், கம்பத்தில் நம் துண்டு பறக்கும். அங்கேயே இறங்கிவிடு.

சுடலைமுத்து