புது ஷெட்டுக்குக் கீழே

பிப்ரவரி 6, செவ்வாய்
ஆம்பூரில் புது ஷூ கம்பெனி ஷெட்டுக்கு அஸ்திவாரம் தோண்டத் தொடங்கினோம். சைட் இன்ஜினியராக நான் தனியாகப் பார்க்கும் முதல் வேலை. ஷெட் எழும்பினால் இருநூறு பேருக்கு வேலை. தங்கை ஹேமலதாவுக்கும் தையல் பிரிவில் இடம் சொல்லியிருக்கிறார்கள்.

பிப்ரவரி 8
குழியின் பக்கச்சுவரை அளந்தேன். மேலே இரண்டடிக்கு நீலத் தோல் துண்டுகள், இங்கே முன்பிருந்த தோல் பதனிடும் டேனரியின் கழிவு. அதற்குக் கீழே அந்தக் காலத்துச் சுண்ணாம்புத் தொட்டியின் செங்கல். பிறகு நெல் விளைந்த களிமண், பாலாற்று மணல். ஆறாவது அடியில் ஜேசிபி பட்டு ஒரு பெரிய பானை உடைந்தது. கறுப்பும் சிவப்புமாக இருந்தது. உள்ளே எலும்பு, துருவேறிய கத்தி. முதுமக்கள் தாழி!

கான்ட்ராக்டர் முனிரத்தினம் ஓடி வந்தார். "இன்னாம்மா பாத்துனு நிக்கிற? மண்ணத் தள்ளச் சொல்லு. வெளிய தெரிஞ்சா வேலை நின்னுடும்."

பிப்ரவரி 9
தள்ளவில்லை. தாசில்தார் ஆபீசுக்குப் போன் செய்துவிட்டேன். செய்தது சரிதானா?

பிப்ரவரி 12
தொல்லியல் துறையினர் வந்து கயிறு கட்டினார்கள். பதினோரு தாழிகள். இரண்டாயிரத்து ஐநூறு வருஷம் இருக்கலாமாம். வேலை நின்றது. என்னை நாளை முதல் வரவேண்டாம் என்றார் முனிரத்தினம்.

வீட்டில் ஹேமா கத்தினாள். "செத்தவங்களுக்குப் பரிஞ்சு பேசுற. உயிரோட இருக்கிற எனக்கு இன்னா வழி?"



மார்ச் 4
ஹேமா இன்னும் பேசவில்லை.

மார்ச் 20
கம்பெனி முதலாளி ஆபித் பாஷா கூப்பிட்டனுப்பினார். திட்டத்தான் போகிறார் என்று நினைத்தேன்.

"நீ குழிய மூடிருந்தா எனக்குத் தெரிஞ்சே இருக்காதும்மா. செத்தவங்க கபர் மேல மிஷின் போட்ட மாதிரி ஆயிருக்கும். ஷெட்டை வடக்கே தள்ளி ஒரு பிளான் போட்டுக் குடு."

போட்டுப் பார்த்தேன். எப்படித் திருப்பினாலும் இடம் கம்மி. நூற்று நாற்பது பேருக்கு மேல் உட்கார முடியாது.

ஏப்ரல் 30
ஆள் எடுக்கும் பட்டியல் ஒட்டினார்கள். ஹேமா பெயர் இல்லை.

மே 13
ஹேமா ராணிப்பேட்டைப் பக்கம் ஒரு கம்பெனியில் சேர்ந்துவிட்டாள். விடியும் முன்பே பஸ் பிடிக்கிறாள்.

ஜூன் 9, ஞாயிறு
காலையில் ஹேமா வண்டிச் சாவியை எடுத்து என் கையில் வைத்தாள். "அந்த எடத்தக் காட்டு."

குழிக்கரையில் நின்றாள். தாழிகளை இன்னும் எடுக்கவில்லை. ஓரத்தில் இருந்த ஒன்று முழங்கால் உயரம்கூட இல்லை.

"இது ஏங்க்கா இவ்ளோ சின்னது?"

"கொழந்தைடி."

செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தாள். திரும்பி வரும்போது வண்டியில் என் தோளைப் பிடித்துக்கொண்டாள்.