கயிற்றைப் பிடித்தபடி நின்றவனுக்கு

உன் ரவுட்டர் இப்போது என் மேசைமேல் இருக்கிறது. போன ஆயுத பூஜைக்கு நீ வைத்த சந்தனம் காய்ந்து வெடித்து உதிர்ந்துவிட்டது. நடுவில் இருந்த குங்குமம் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. துடைக்கலாம் என்று துணியை எடுத்தேன், பிறகு வைத்துவிட்டேன். சுமதி கொடுத்தனுப்பியது. உன் லேப்டாப், இந்த ரவுட்டர், சிக்குப் பிடித்த ஒயர்கள் எல்லாவற்றையும் ஒரு அரிசிப் பையில் போட்டு, உங்கள் பாப்பாவின் படிப்புக்கு ஆகுமா என்று பார்த்துச் சொல்லச் சொன்னாள்.

பையின் அடியில் ஒரு தாளும் கிடந்தது. நான்கு மூலையிலும் செல்லோ டேப் பிய்ந்த அடையாளம். நீ மேசைக்கு எதிரே சுவரில் ஒட்டி வைத்திருந்தாயே, அதுதான். 'உள்ள வர முடியலன்னா' என்று மேலே எழுதி, கீழே வரிசையாக நீ பார்க்கச் சொன்னவை. கோழி கிண்டிய மாதிரி உன் எழுத்து. பாலிடெக்னிக்கில் உன் ரெக்கார்டு நோட்டை நான்தான் எழுதித் தந்தேன் என்பதற்கு அந்தத் தாளே சாட்சி.

நீ, நான், பர்வீன். படிப்பு முடிந்து பதினைந்து வருடத்துக்கு மேல் ஆகியும் நம் மூவரையும் சேர்த்து வைத்திருந்தது ஒரு விளையாட்டு என்று சொன்னால் என் பள்ளியில் சக டீச்சர்கள் சிரிப்பார்கள். பர்வீன் வேலூரில் நர்ஸ், ஹாஸ்டல் அறை. நான் அடி அண்ணாமலையில் அம்மா வீட்டில். நீ செங்கம் ரோட்டில், மாடியில் இரண்டு அறையை வெளிநாட்டுக்காரர்களுக்கு வாடகைக்கு விட்டுக்கொண்டு. வெந்நீர் வருமா என்று கேட்பதற்கு முன்னால் வைஃபை வருமா என்று கேட்கிறார்கள் என்று அலுத்துக்கொள்வாய். அவர்கள் புண்ணியத்தில் உன் வீட்டு லைன் மட்டும் கல் மாதிரி நிற்கும். அதனால்தான் நீ ஹோஸ்ட் ஆனாய்.

அந்த விளையாட்டில் உலகம் ஒருவர் கம்ப்யூட்டரில்தான் இருக்கும். அவர் திறந்து ஒரு கோடு நம்பர் அனுப்பினால், அதைப் போட்டு மற்றவர்கள் உள்ளே போகலாம். அவர் லைன் போனால் எல்லோரும் அடுத்த நொடியே வெளியே. முதல் நாளே இதை நீ எங்களுக்கு விளக்கினாய். இதை நான் ஏன் இங்கே திரும்ப எழுதுகிறேன் என்பது உனக்குப் புரியும்.

எனக்குப் பின்கட்டில் துவைக்கிற கல்மேல் உட்கார்ந்தால்தான் சிக்னல். மடியில் லேப்டாப், பக்கத்தில் போன், தலைக்கு மேல் கொடியில் ஈரத்துணி. பாதி ஞாயிற்றுக்கிழமைகள் நான் உள்ளே வருவதிலேயே கழிந்தன. நீ ஒருநாளும் சலித்துக்கொள்ளவில்லை. கேம் அப்டேட் ஆச்சா என்று கேட்பாய். கோடு சரியா என்பாய். போனை ஃபிளைட் மோடில் போட்டு எடுக்கச் சொல்வாய். பர்வீனுடைய ஹாஸ்டல் வைஃபை கேம் என்றாலே கதவைச் சாத்திவிடும். அதற்கும் ஒரு சுற்று வழி கண்டுபிடித்தாய். ஒருமுறை முக்கால் மணி நேரம் பாடுபட்ட பிறகுதான், தம்பி மகன் கார்ட்டூன் பார்த்து என் நெட் முழுவதையும் காலி செய்திருந்தது தெரிந்தது. நான் வெட்கப்பட்டுக்கொண்டு சொன்னபோது, "ஆள கொற சொல்றதுக்கு முன்னாடி லைன பாக்கணும்பா. லைன் கொஞ்சம் கம்மியா இருந்துச்சு, அவ்ளோதான்" என்றாய்.

அதுதான் உன் கொள்கை. தாளிலும் அப்படித்தான் இருக்கிறது. வெர்ஷன், கோடு, போன் நெட், ரவுட்டர், ஃபயர்வால். கடைசியில், கீழ் ஓரத்தில், 'ஆள்' என்று ஒரு சொல்.

பௌர்ணமிகளில் நாம் ஆடுவதில்லை. மலையைச் சுற்ற வருகிற ஒவ்வொருவர் கையிலும் ஒரு போன் இருக்க, டவர் என்ன செய்யும்? போன் போகாது, வீடியோ கால் சுற்றிக்கொண்டே இருக்கும், கடையில் ஸ்கேன் செய்தால் காசு போகாது. 'பௌர்ணமியாச்சே' என்று ஒருவருக்கொருவர் சொல்லிவிட்டு வேலையைப் பார்ப்போம். அதற்கு மேல் யாரும் காரணம் கேட்பதில்லை. இந்த ஊரில் பிறந்தவர்களுக்கு அது மூச்சு மாதிரி பழகிவிட்டது.

அந்த ஞாயிறும் பௌர்ணமிதான். நீ வேண்டாம் என்றாய். நான்தான் விடவில்லை. பர்வீனுக்கு அடுத்த இரண்டு வாரமும் ஞாயிறு டியூட்டி, விளையாட்டில் ஆற்றைக் கடக்கத் தெப்பம் தயாராக இருக்கிறது, மூன்று மணிக்கே ஆரம்பித்துவிட்டால் கூட்டம் சேர்வதற்குள் முடித்துவிடலாம் என்று பிடிவாதம் பிடித்தேன். என் பேச்சுக்கு நீ எப்போது மறுத்திருக்கிறாய்?

மூன்று மணிக்கே என் சிக்னல் படுத்துவிட்டது. அரை மணி நேரம் நீ போனில் என்னோடு மல்லுக்கட்டினாய். இடையில் ஒருமுறை, "தோள்பட்ட இழுக்குதுபா, காலையில தண்ணி கேன் தூக்கினதுல" என்றாய். பௌர்ணமி என்றால் உன் வீட்டு வாசலில் தண்ணீர்ப் பந்தல் உண்டு. நீயும் சுமதியும் கேன் கேனாகத் தூக்கி வைப்பீர்கள். எனக்கு அது ஒரு சேதியாகவே படவில்லை.

"தைலம் தேச்சிக்கோ. மொதல்ல கோட அனுப்பு" என்றேன்.

நான் உன்னிடம் உருப்படியாகப் பேசிய கடைசி வாக்கியம் அது. கோடு வந்தது. உள்ளே வந்தேன். பர்வீன் ஏற்கெனவே கரையில் கோழிகளைத் துரத்திக்கொண்டிருந்தாள். உன் தோள்வலியை அவளிடம் நான் சொல்லவில்லை. அவள் இதய வார்டில் வேலை செய்கிறவள்.

தெப்பத்தை ஒருவர் கரையில் நின்று கயிற்றால் பிடித்துக்கொள்ள வேண்டும், மற்ற இருவரும் மரத்தை ஏற்ற வேண்டும். நீ கயிற்றைப் பிடித்தாய். நாங்கள் மரத்தை ஏற்றினோம். விடு என்று நான் சொன்னேன். நீ விடவில்லை. கயிற்றைப் பிடித்தபடி அப்படியே நின்றாய். இரண்டு முறை மைக்கில் கூப்பிட்டோம். பதில் இல்லை. பர்வீன் உன் போனுக்கு அடித்தாள், போகவில்லை.

"பௌர்ணமியாச்சே" என்றேன்.

அவ்வளவுதான், அதோடு எங்களுக்குத் திருப்தி ஆகிவிட்டது. உன் நெட் சிக்கிக்கொண்டது, கொஞ்ச நேரத்தில் வந்துவிடுவாய் என்று காத்திருந்தோம். சும்மா இருக்கவில்லை. உன்னைச் சுற்றிச் சுற்றி ஓடினோம். பர்வீன் தோட்டத்திலிருந்து ஒரு பூசணிக்காயைப் பறித்து வந்து உன் தலையில் ஏற்றினாள். திருஷ்டி பொம்மை மாதிரி இருக்கிறாய் என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தோம். எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது சிரித்துச் சிரித்து.

ஆறு ஓடிக்கொண்டிருந்தது. கோழிகள் நடந்துகொண்டிருந்தன. உன் லைன் போயிருந்தால் நாங்கள் எப்போதோ வெளியே விழுந்திருப்போம். நீ முதல் நாளே சொல்லிக்கொடுத்த பாடம், கண்முன்னால் நாற்பது நிமிடம் நின்றது. லைனுக்கு ஒன்றும் இல்லை. வெர்ஷனுக்கு ஒன்றும் இல்லை. நான் கடைசி வரிக்கு வரவே இல்லை.

பிறகு திடீரென்று உலகம் மூடிக்கொண்டது. இப்போதுதான் உனக்கு நிஜமாகவே நெட் போய்விட்டது என்று நினைத்துக்கொண்டு, கொடியிலிருந்த துணியை எடுத்து மடித்து வைத்தேன். டீ எடுத்துக்கொண்டு மாடிக்கு வந்த சுமதி, மேசைமேல் சாய்ந்திருந்த உன்னைத் தூக்கப் பார்த்ததில் ரவுட்டர் ஒயர் பிடுங்கிக்கொண்டது என்பது எனக்கு இரவுதான் தெரியும். ரோட்டில் வண்டி விடவில்லை. பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் உன்னைப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்து, வழி விடுங்க வழி விடுங்க என்று கத்திக்கொண்டு, கூட்டத்துக்கு எதிராக நடந்தே தூக்கிப் போனார்களாம். கொஞ்சம் முன்னால் வந்திருந்தால் முயன்று பார்த்திருக்கலாம் என்றார் டாக்டர். முயன்று பார்த்திருக்கலாம் என்றால் என்ன அர்த்தம் என்று அவரிடம் கேட்க யாருக்கும் தைரியம் இல்லை.

பர்வீனிடம் தோள்வலியைப் பற்றி உன்னை எடுத்த அன்றே சொல்லிவிட்டேன். என் கையைப் பிடித்துக்கொண்டாள். "என்கிட்ட சொல்லியிருக்கலாம்பா" என்று மட்டும் சொன்னாள்.

சுமதியிடம் சொல்ல வாய் வரவில்லை. மூன்றாம் நாள் அவளே கேட்டாள், கடைசியாக என்ன பேசினார் என்று. நெட் போய்விட்டது சுமதி, பௌர்ணமியாச்சே, எதுவும் கேட்கவில்லை என்றேன். அவள் தலையாட்டினாள். இந்த ஊரில் அந்தப் பொய்யை யார்தான் நம்பமாட்டார்கள்? அதற்குப் பிறகு நான் உன் வீட்டுப் பக்கம் போவதைக் குறைத்துக்கொண்டேன். செங்கம் ரோட்டில் ஷேர் ஆட்டோ உன் வாசலைக் கடக்கும்போது போனைப் பார்க்கிற மாதிரி குனிந்துகொள்வேன். உன் பெண்ணின் பிறந்த நாளுக்குக்கூடப் போகவில்லை.

இப்படி எட்டு மாதம் ஓடின பிறகுதான் அந்த அரிசிப் பை வந்தது. லேப்டாப் நன்றாகவே இருக்கிறது, பாப்பாவுக்கு ஆகும். அதை மட்டும் பார்த்துவிட்டு மூடியிருக்கலாம். கை கேட்கவில்லை. விளையாட்டைத் திறந்தேன். உன் பெயரிலேயே உள்ளே போனது. ஆறு, கரை, மரம் ஏற்றிய தெப்பம். கயிற்றைப் பிடித்துக்கொண்டு, தலையில் பூசணிக்காயோடு நீ.

அதை எடுக்க ஒரு பட்டனை அழுத்தினால் போதும். என்னால் முடியவில்லை. அப்படியே மூடி வைத்துவிட்டு, மறுநாள் பள்ளி விட்டதும் நேராக உன் வீட்டுக்குப் போனேன்.

சுமதி பின்பக்கம் தண்ணீர் கேன்களைக் கழுவிக்கொண்டிருந்தாள். இரண்டு நாளில் பௌர்ணமி. பந்தலை அவள் நிறுத்தவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். நான் பிடிவாதம் பிடித்தது, தோள்வலி, தைலம், நாற்பது நிமிடம், பூசணிக்காய். அன்று அவளிடம் சொன்னது பொய் என்றும் சொன்னேன். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். திட்டினால் நன்றாக இருக்கும் என்றுகூட இருந்தது. அவள் கேனைக் கவிழ்த்து வைத்தாள். தண்ணீர் முழுவதும் வடியும்வரை அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நெட் போகலன்னு எனக்குத் தெரியும்க்கா" என்றாள். "நான் கீழ தண்ணி ஊத்தினு இருந்தேன். மேலருந்து உங்க ரெண்டு பேர் சிரிப்புச் சத்தம் கேட்டுனே இருந்துச்சு. சரி, நல்லா ஆடினு இருக்காருன்னு நான் மேல போகல."

அவளும் எட்டு மாதமாக இதை யாரிடமும் சொல்லியிருக்கவில்லை. உன் அறையில், உன் ஸ்பீக்கரில், நானும் பர்வீனும் சிரித்த சிரிப்பு. அதைக் கேட்டுத்தான் அவள் நிம்மதியாக இருந்திருக்கிறாள். எனக்கு அழுகை வரவில்லை. புடவையைச் செருகிக்கொண்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்து ஒரு கேனை எடுத்தேன். இருவரும் எல்லாக் கேனையும் கழுவி முடித்தோம். வேறு என்ன செய்வதென்று இரண்டு பேருக்குமே தெரியவில்லை. கிளம்பும்போது, ரவுட்டரை நீங்களே வெச்சிக்குங்க அக்கா என்றாள்.

வீட்டுக்கு வந்து பூசணிக்காயை எடுத்துவிட்டேன்.

நாளை லேப்டாப்பைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அதற்குள் ஒருமுறையாவது தெப்பத்தை அக்கரைக்குக் கொண்டுபோய்விடலாம் என்று பர்வீனுக்கு ஆசை. மதியம் முழுவதும் முயன்றோம். உன் லேப்டாப்போடு துவைக்கிற கல்மேல் உட்கார்ந்து, விளையாட்டில் உன் இடத்தில் நின்று, நான் உலகத்தைத் திறந்தேன். அவளால் உள்ளே வர முடியவில்லை. உன் தாளை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகப் பார்த்தோம். வெர்ஷன் சரி, கோடு சரி, போனை அணைத்துப் போட்டாயிற்று. ஹாஸ்டல் வைஃபைக்கு நீ என்ன சுற்று வழி செய்தாய் என்பது தாளில் இல்லை. அதை நீ எழுதி வைக்கவே இல்லை. அப்படியே வந்திருந்தாலும் தெப்பத்துக்கு மூன்று பேர் வேண்டும் என்பதை இருவரும் சொல்லிக்கொள்ளவில்லை.

நடுவில் ஒரு நிமிடம் போனில் அவள் குரல் நின்றது. தாளைக் கீழே போட்டுவிட்டுப் பெயர் சொல்லிக் கத்தினேன், அம்மா சமையலறையிலிருந்து ஓடி வருகிற அளவுக்கு.

"இருக்கேன்பா, இருக்கேன். தண்ணி குடிச்சேன்" என்றாள் பர்வீன்.

இப்போதெல்லாம் எனக்கு இதுதான் பழக்கம். வகுப்பில் ஒரு பிள்ளை பேசாமல் இருந்தால், அம்மா குளியலறையில் கொஞ்சம் தாமதித்தால், போனில் எதிர்முனை ஒரு கணம் அமைதியானால், லைனை நான் பார்ப்பதில்லை. நல்லா இருக்கியா, குரல் குடு என்று கேட்டுவிடுகிறேன். எல்லோரும் எரிச்சல் படுகிறார்கள். படட்டும்.

உன் தாளில் கீழ் ஓரத்தில் இருந்த 'ஆள்' என்ற அந்தச் சொல்லை அடித்துவிட்டு, மேலே, எல்லாவற்றுக்கும் முன்னால், என் கையெழுத்தில் எழுதியிருக்கிறேன். அது இனி யாருக்காவது உதவலாம். உனக்கு உதவாது. பர்வீன் போனை வைத்த பிறகும் கொஞ்ச நேரம் உன் கையால் அந்தக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு கரையில் நின்றிருந்தேன். கூப்பிட யாரும் இல்லை.