அகழியைத் துப்புரவாக்கியவர்கள்

ட்ருகனினா
12.03.2023

மதிப்புக்குரிய கலாநிதி லக்ஷ்மிப்ரியா அவர்களுக்கு,

வணக்கம். நேற்று கிளென் வேவர்லி நூலகத்தில், இங்கிலாந்தின் வடக்கே நீங்கள் தோண்டுகிற ரோமானியக் கோட்டையைப் பற்றித் தமிழில் பேசினீர்கள். கடைசி வரிசையில் வேலைச் சட்டையோடு இருந்தவன் நான். இங்கே மெல்பேர்னின் மேற்கே ஒரு பண்டகசாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறேன். கேள்வி நேரத்தில் கை உயர்த்தத் துணிவு வரவில்லை. மின்னஞ்சலில் இதையெல்லாம் எழுத விருப்பமில்லை. அதனால் தபாலில் அனுப்புகிறேன்.

அகழியின் அடியில் சதுரமாய் ஒரு சிறு வாய்க்கால் ஓடுவதைப் படத்தில் காட்டினீர்கள். எதிரியின் கணுக்காலை முறிக்க வெட்டியது என்று சிலர் சொல்வதாகச் சொன்னீர்கள். எனக்கு அப்படித் தெரியவில்லை. அது மண் அள்ளும் சவளின் அகலம். மழைக்கு அகழி தூர்ந்துபோகும். தூர் அள்ள இறக்கப்பட்டவன் ஒவ்வொரு முறையும் அதே கோட்டில்தான் சவளை இழுப்பான். பத்து மாரி போனால் வாய்க்கால் தானாக வந்துவிடும்.

இன்னொன்று. அள்ளிய மண் உட்கரையில்தான் கிடக்கும். வெளிக்கரைக்கு எறிய அவனுக்குப் பயம். தேடிப் பாருங்கள்.

பிழையென்றால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

த. சுஜீதன்

கிளென் வேவர்லி
2 ஏப்ரல் 2023

அன்புள்ள சுஜீதன்,

உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்துவிட்டேன். சவள் விஷயத்தை வேறு சில ஆய்வாளர்களும் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் மண்ணை எந்தக் கரையில் போடுவான், ஏன் அங்கே போடுவான் என்று எனக்கு யாரும் சொன்னதில்லை. ‘பயம்’ என்ற சொல் எங்கள் அறிக்கைகளில் வருவதே இல்லை.

உங்களுக்கு இது எப்படித் தெரியும்? தயங்காமல் எழுதுங்கள். கலாநிதி எல்லாம் வேண்டாம், அக்கா என்றே கூப்பிடுங்கள். என் கணவர் சடகோபன் உங்கள் கையெழுத்தைப் பார்த்துவிட்டு, “இந்தக் காலத்துல யாரு இப்படி உக்காந்து எழுதறாங்க?” என்று வியந்துபோனார்.

அன்புடன்,
அக்கா லக்ஷ்மிப்ரியா

ட்ருகனினா
30.04.2023

அன்பின் அக்கா,

எப்படித் தெரியும் என்று கேட்டீர்கள். வன்னியில் இருந்தவர்களுக்குத் தெரியும். அதற்கு மேல் எழுதப் பயமாக இருக்கிறது. என் நிரந்தர விசா இன்னும் கைக்கு வரவில்லை. மனைவி கமலினி மல்லாவியில் இருக்கிறாள். கல்யாணம் முடித்து ஏழாம் மாதம் நான் படகேறினேன். பதினோரு வருடம். “வீடியோவில வாறது வேற ஆரோ மாதிரிக் கிடக்கு” என்கிறாள். விசா வந்தால்தான் அவளைக் கூப்பிடலாம்.

கோவிக்காதீர்கள் அக்கா.

சுஜீதன்

வட இங்கிலாந்து, அகழாய்வு முகாம்
19 ஜூன் 2023

அன்புத் தம்பி,

உட்கரையில்தான் கிடக்கிறது! மூன்று அடுக்காகத் தூர் மண், மூன்றும் உள்பக்கம். வெளிக்கரையில் ஒரு கூடைகூட இல்லை. குழியிலேயே உட்கார்ந்து சிரித்தேன். மாணவர்கள் பயந்துவிட்டார்கள். “ட்ருகனினாவில் எனக்கு ஒரு தம்பி இருக்கான், அவன் சொன்னதுதான் இது” என்றேன்.

இனி என்னால் தூங்க முடியாது. யாரை அந்த அகழிக்குள் இறக்குவார்கள்? இந்தக் கோட்டையில் கிடைத்த மரப்பலகைக் கடிதங்களில் தளபதி இருக்கிறார், அவர் மனைவிக்கு வந்த விருந்து அழைப்பு இருக்கிறது. அகழியில் நின்றவன் மட்டும் இல்லை. அவனை எனக்குக் காட்டுங்கள். உங்கள் பெயர் எங்கும் வராது. இது பெருமாள் மேல் சத்தியம்.

உங்கள் அக்கா

ட்ருகனினா
06.08.2023

அன்பின் அக்கா,

இரண்டு கடிதம் எழுதிக் கிழித்துவிட்டேன். இது மூன்றாவது.

பதினாறு வயதில் இயக்கத்துக்காரர் என்னைப் பிடித்துக்கொண்டு போனார்கள். துவக்குத் தரவில்லை. சவள் தந்தார்கள். முகமாலைப் போர்முனையில் ஒன்றேகால் வருடம் மண் அணை கட்டினேன், பங்கர் வெட்டினேன். விசா விண்ணப்பத்தில், இயக்கத்தோடு எந்தத் தொடர்பும் இருக்கவில்லை என்று எழுதினேன். சவள் பிடித்ததும் தொடர்புதான் என்று பிறகுதான் சொன்னார்கள்.

அகழிக்குள் யாரை இறக்குவார்கள் என்று கேட்டீர்கள். ஓடப் பார்த்துப் பிடிபட்டவனை இறக்குவார்கள். சுதர்சன் கண்டாவளைப் பெடியன், பதினேழு வயது. தாயைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று ஓடினான். பிடித்துக்கொண்டுவந்து, பகலில், அணைக்கு முன்னால் ஆமிக்கு நேரே இருந்த வெட்டுக்குள் தூர் அள்ள விட்டார்கள். 2007 ஐப்பசி. இரண்டு நாள் குனிந்தபடியே அள்ளினான். மூன்றாம் நாள் காலை, “மச்சான், இடுப்பு விட்டுப்போச்சடா” என்று சொல்லிக்கொண்டு நிமிர்ந்தான். அவ்வளவுதான். ஒரு சூடு.

அணையின் உட்பக்கத்தில், பனங்குற்றி அடுக்கிய மூலையில், நானும் இன்னொருவனும் அவனைத் தாட்டோம். தாய்க்கு யாரும் அறிவிக்கவில்லை. அவவை எங்கே தேடுவதென்று எனக்கும் தெரியவில்லை.

வாசித்துவிட்டு எரித்துவிடுங்கள்.

சுஜீதன்

கிளென் வேவர்லி
10 பிப்ரவரி 2025

அன்புத் தம்பி,

இத்துடன் வரும் பொட்டலம் உங்களுக்குத்தான். கோட்டையைப் பற்றிய என் புத்தகம் வந்துவிட்டது! மூன்றாம் அத்தியாயம் முழுக்க நீங்கள். வாக்குத் தந்தபடி உங்கள் பெயர் ஓரிடத்திலும் இல்லை. ‘மெல்பேர்னின் மேற்கே ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் ஒரு மனிதர்’ என்று மட்டும் இருக்கிறது. சுதர்சனின் பெயரையும் ஊரையும் அப்படியே வைத்தேன். இறந்தவருக்கு விசாக் கவலை இல்லையே. அந்தப் பையனுக்கு நாம் செய்யக்கூடியது இதுதான் என்று தோன்றியது.

வாசித்தவர்கள் எல்லாரும் அந்த அத்தியாயத்தில் அழுததாகச் சொல்கிறார்கள். பேராசிரியர் பதவிக்கும் என் பெயர் போயிருக்கிறது. கமலினிக்கு என் அன்பைச் சொல்லுங்கள்.

அக்கா

ட்ருகனினா
27.04.2025

அக்கா,

விசா அலுவலகத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது. யாரோ உங்கள் புத்தகத்தின் பக்கங்களைப் படம் பிடித்து அனுப்பியிருக்கிறார்கள். மெல்பேர்னின் மேற்கே ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிற, 2007இல் பதினேழு வயதாக இருந்த வன்னிப் பெடியன் எத்தனை பேர்? அந்த மனிதர் நீங்களா என்று கேட்டிருக்கிறார்கள்.

என் வழக்கறிஞர் யாமினி ஒரு வழி சொல்கிறா. அது ஒரு தனி மனிதன் அல்ல, பலர் சொன்னதைச் சேர்த்து எழுதியது என்று நீங்கள் ஒரு வரி எழுதிக் கையெழுத்து வைத்தால் போதும். “அந்த ஒரு வரி இல்லாட்டி நான் ஒண்டும் செய்யேலாது” என்றா.

கமலினிக்கு இன்னும் சொல்லவில்லை. கும்பிட்டுக் கேட்கிறேன். ஒரு வரி, அக்கா.

சுஜீதன்

கிளென் வேவர்லி
11 மே 2025

அன்புத் தம்பி,

உங்கள் கடிதம் கண்டு மனம் கனத்தது. நேற்று த பேசின் ஊரிலுள்ள விநாயகர் கோவிலுக்குப் போய் உங்களுக்காக அர்ச்சனை செய்தேன். நட்சத்திரம் தெரியாததால் பெயரை மட்டும் சொன்னேன்.

ஆனால் நீங்கள் கேட்பது பொய். அந்த அத்தியாயத்தின் பலமே, அகழியில் நின்ற ஒரு நிஜ மனிதர் சொல்கிறார் என்பதுதான். ‘பலரைச் சேர்த்தேன்’ என்று எழுதினால் என் ஆய்வு முழுவதும் கதையாகிவிடும். இருபது வருட உழைப்பு, தம்பி. என் இடத்தில் நீங்கள் இருந்தாலும் இதைத்தான் செய்வீர்கள்.

உண்மையைச் சொல்லிவிடுங்கள். இந்த நாடு உண்மையை மதிக்கும். முதலிலேயே ஏன் மறைத்தீர்கள் என்று உங்களைக் கேட்க நினைத்தேன், கேட்கவில்லை. வழக்கு முடியும்வரை நாம் எழுதிக்கொள்ளாமல் இருப்பது இருவருக்கும் நல்லது என்று பல்கலைக்கழகத்தில் சொல்கிறார்கள்.

என்றும் அன்புடன்,
அக்கா

ட்ருகனினா
21.09.2025

கலாநிதி லக்ஷ்மிப்ரியா அவர்களுக்கு,

யாமினியின் அலுவலகத்தில் சத்தியக் கடதாசி ஒன்று கொடுத்தேன். நான் முகமாலைக்குப் போனதே இல்லை, சவள் பிடித்ததே இல்லை, சுதர்சன் என்று ஒருவன் இருக்கவில்லை என்று அதில் இருக்கிறது. உங்களுக்கு எழுதிய கடிதங்களைப் பற்றியும் இருக்கிறது. படித்த அக்கா ஒருவர் மதித்துக் கேட்கிறாரே என்று, தனியே இருக்கிறவன் கட்டிவிட்ட கதைகள் அவை என்று. வாசித்துக் காட்டினார்கள். கையெழுத்து வைத்தேன்.

அலுவலகம் அதை ஏற்றுக்கொண்டது. போன கிழமை விசா வந்தது. கமலினியைக் கூப்பிடுகிற அலுவல் தொடங்கிவிட்டது. பிரதியொன்று உங்கள் பல்கலைக்கழகத்துக்கும் பதிப்பகத்துக்கும் போனது. புத்தகத்தைக் கடைகளிலிருந்து எடுத்துவிட்டார்கள் என்று யாமினி சொன்னா. என் கடிதங்கள் உங்களிடம் இருக்கின்றன. அவற்றைக் காட்டினால் உங்கள் அத்தியாயம் தப்பும், நான் தப்பமாட்டேன். அது உங்கள் விருப்பம்.

இதை எழுதுவதற்குக் காரணம் வேறு. போன ஞாயிற்றுக்கிழமை கண்டாவளையிலிருந்து போன் வந்தது. கனடாவில் இருக்கிற யாரோ புத்தகத்தை வாசித்து, விசாரித்து, என் நம்பரைக் கொடுத்திருக்கிறார்கள். வயதான குரல்.

“தம்பி, நீங்கள்தானாம் கடைசியா என்ர பிள்ளையோட நிண்டது. பதினெட்டு வருஷமாத் தேடுறன். அவன் எங்க கிடக்கிறான் எண்டு மட்டும் சொல்லுங்கோ.”

“அப்பிடி ஒருத்தரையும் எனக்குத் தெரியாது அம்மா. அது சும்மா எழுதின கதை.”

  அந்தக் குரல் கொஞ்சம் தெளிந்தது.

“அப்ப என்ர பிள்ளை உயிரோட இருக்கலாம், என்ன தம்பி?”

“ஓம் அம்மா,” என்றேன். “இருக்கலாம்.”

த. சுஜீதன்